குதிகாலுக்குக் குரல் கொடுத்தவன்

என் கழுத்தில் ஒரு ஓட்டை இருக்கிறது. சட்டைப் பொத்தானைவிடச் சற்றுப் பெரிது. அதன் வழியாகத்தான் மூச்சு விடுகிறேன், அதன் வழியாகத்தான் இருமுகிறேன். தூசி போகாமலிருக்க ஒரு வெள்ளைத் துணியைத் தொங்கவிட்டிருப்பேன். பஸ்ஸில் பக்கத்தில் உட்காருகிறவர்கள் முதலில் துணியைப் பார்ப்பார்கள், அப்புறம் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார்கள். இதை முதலிலேயே சொல்லிவிட்டால் மற்றதைச் சொல்வது எனக்குச் சுலபம்.

போன மாதம் மதுரை ஆஸ்பத்திரிக்கு வருடாந்திரப் பரிசோதனைக்குப் போயிருந்தேன். காத்திருக்கும் இடத்தில் என்னைவிடச் சின்னவர் ஒருவர், மறுநாள் ஆபரேஷன் என்று எழுதிய சீட்டோடு உட்கார்ந்திருந்தார். என் கழுத்தைப் பார்த்துவிட்டு எழுந்து வந்தார். "அண்ணே, எப்பிடிண்ணே இருக்கும்?" என்று கேட்டார். நான் சிலேட்டை எடுத்து எழுத ஆரம்பித்தேன். நாலு வரிக்கு மேல் சிலேட்டில் இடமில்லை. அதற்குள் அவரைக் கூப்பிட்டுவிட்டார்கள். அவருக்குச் சொல்லாமல் விட்டதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

நான் பேசிப் பேசியே பிழைத்தவன். திண்டுக்கல் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்புறம் ஒரு மாடியில் எங்கள் வீடியோ கடை. எங்கள் என்றால் நானும் சிக்கந்தரும். பள்ளிக்கூடத்திலிருந்தே ஒன்றாகத் திரிந்தவர்கள். அவன் வீட்டில் தோல் வியாபாரம். தோல் வாடை பிடிக்காமல் கேமராவைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தவன். நான் செம்பட்டிக்காரன், வெங்காயக் காட்டில் குனியப் பிடிக்காமல் ஓடிவந்தவன். அவன் படம் பிடிப்பான், நான் வெட்டி ஒட்டிப் பாட்டுப் போடுவேன். கல்யாணம், காதுகுத்து, சடங்கு என்று தொப்பம்பட்டி வரைக்கும் போவோம். அங்கே ஒரு கல்யாணத்தில்தான் செல்வியைப் பார்த்தேன். அடுத்த வருடம் அவளே என் மனைவியானாள்.

தொண்ணூற்றெட்டில் சித்தையன்கோட்டையில் ஒரு கல்யாணம். கரண்டு போய்விட்டது, மாப்பிள்ளை வீட்டார் வந்த வேனும் வழியில் நின்றுவிட்டது. சும்மா இருக்க முடியாத சிக்கந்தர், அடுப்படியில் குந்தியிருந்த சமையல்காரரின் குதிகாலைக் கிட்டத்தில் வைத்துப் படம் பிடித்திருக்கிறான். பாளம் பாளமாக வெடித்த குதிகால். அவர் கரண்டியைப் போட்டுக் கிண்டும்போதெல்லாம் அந்த வெடிப்பு ஒன்று திறந்து திறந்து மூடியது. கடையில் அதைப் போட்டுப் பார்த்தபோது எனக்கு அது வாயாகத் தெரிந்தது. மூக்கால் இழுத்து, ஒரு கிழட்டுக் குரலில் பேசினேன்.

"ஏப்பா, நாப்பது வருசமா என்னைய மிதிச்சுக்கிட்டே நிக்கிறியே, செத்த நேரம் உக்காரக் கூடாதா?"

சிக்கந்தர் சிரித்துச் சிரித்து நாற்காலியிலிருந்து விழுந்தான். எழுந்ததும், "மாப்ள, இது சிரிக்கிற விசயம் இல்லடா. படமா எடுப்போம்" என்றான்.

அப்படித்தான் ஆரம்பித்தோம். மூன்று நிமிடம், நாலு நிமிடம் ஓடும் படங்கள். ஆள் முகமே வராது. உடம்பின் ஒரு பாகம் மட்டும் உயிர் வந்து திரியும். கறுப்புத் துணிக்குப் பின்னால் ஆளை மறைத்துவிட்டு, ஒரு நொடி எடுப்போம், நிறுத்துவோம், கையைக் கொஞ்சம் நகர்த்துவோம், மறுபடி எடுப்போம். ஓட்டிப் பார்த்தால் கை தனியாகப் பாயில் நடந்து போய்ச் சொம்பிலே தண்ணீர் இருக்கிறதா என்று எட்டிப் பார்க்கும். சுற்றி நடப்பது எதுவும் காதில் விழாமல் பனியனுக்குள் இருட்டில் கிடந்து புலம்பும் ஒரு தொப்புளுக்கு மழலைக் குரல் கொடுத்தேன். ஒரு படத்தில் என் கட்டைவிரல்தான் கதாநாயகன். ஆள் தூங்கும்போது அது தானாக எழுந்து போய் லைட்டை அணைக்கும், ரேடியோவை அணைக்கும், ஓடுகிற மிக்ஸியை நிறுத்தும். "நான் என்ன செய்ய, பழகிப் போச்சு" என்று கடைசியில் சொல்லும். மதுரையில் ஒரு சின்ன ஹாலில் இருபது பேருக்கு இந்தப் படங்களைப் போட்டுக் காட்டினோம். கண்ணாடி போட்ட ஒருவர் எழுந்து, குதிகால் எதைக் குறிக்கிறது என்று கேட்டார். "குதிகால் வலிக்குதுன்னு குறிக்குது சார்" என்றான் சிக்கந்தர்.

எல்லாப் பாகத்துக்கும் குரல் நான்தான். எனக்கும் செல்விக்கும் மகள் ஜெனி பிறந்த பிறகு அவளுக்குத் தாலாட்டே அந்தக் குதிகால் குரல்தான். என் சொந்தக் குரலில் பேசினால் அழுவாள், குதிகாலாகப் பேசினால் சோறு இறங்கும்.

இங்கே எங்கள் தொழிலைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். கல்யாண வீடியோவில் நிஜச் சத்தம் எவனுக்கும் வேண்டாம். பந்தலில் குழந்தை அழும், மைத்துனன் சண்டை போடுவான், எவனாவது பந்தி முடிந்துவிட்டதா என்று கத்துவான். அதையெல்லாம் அழித்துவிட்டு மேலே சினிமாப் பாட்டைப் போடுவோம். அதுதான் வேலை சுத்தம். பெரிய இடத்துக் கல்யாணத்தில் மட்டும் சட்டையில் மாட்டுகிற காலர் மைக் கேட்பார்கள், பார்ப்பதற்கு எடுப்பாக இருக்கிறது என்று. மாட்டுவோம். மாட்டின கையோடு அதன் சுவிட்சை அணைத்துவிடுவோம். எப்படியும் அழிக்கப்போகிற சத்தம், பேட்டரியாவது மிஞ்சட்டும். அந்த மைக்கின் வயரைச் செருகிவிட்டால் கேமராவின் சொந்தக் காதும் அடைத்துக்கொள்ளும். கேசட்டில் படம் மட்டும் இருக்கும், சத்தம் இருக்காது. பாட்டுப் போட அது இன்னும் வசதி.

என் கல்யாண கேசட்டிலும் அப்படித்தான் செய்தேன். ஜெனியின் ஞானஸ்நானத்திலும், முதல் பிறந்தநாளிலும் அப்படித்தான். நான் பேசியதை எல்லாம் நானே துடைத்துவிட்டுப் பாட்டுப் போட்டேன். எடுத்த மூல கேசட்டுகளை அடுத்த கல்யாணத்துக்குப் பயன்படுத்தினோம்.

இரண்டாயிரத்து இரண்டு கடைசியில் எனக்குத் தொண்டை கட்டியது. சுக்குத் தண்ணீர் குடித்தேன், உப்புத் தண்ணீரில் கொப்பளித்தேன். விடவில்லை. சிகரெட்டைக் குறைத்தேன் என்று செல்வியிடம் சொன்னேன், குறைக்கவில்லை. உண்மையைச் சொன்னால் அந்தக் கரகரப்பு எனக்குப் பிடித்திருந்தது. அப்போது முழங்காலை வைத்து ஒரு படம் எடுத்துக்கொண்டிருந்தோம். சிக்கந்தரின் முழங்கால். கீல் துருப்பிடித்த கிழவன் மாதிரி ஒரு குரல் தேவைப்பட்டது. கடவுளாகப் பார்த்து அனுப்பியது என்று நினைத்தேன். எப்போதும் பின்னால்தான் குரல் சேர்ப்போம். இந்தப் படத்துக்கு மட்டும் கரகரப்பு போய்விடப் போகிறதே என்று பயந்து, படம் எடுக்கும்போதே என் வீட்டில் வைத்துப் பேசிப் பதிவு செய்தோம். நாலு மாதம் அந்தக் குரலைப் பொத்திப் பொத்தி வைத்திருந்தேன். இதைப் படிக்கிறவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான். மூன்று வாரத்துக்கு மேல் குரல் கம்மியிருந்தால் டாக்டரிடம் போங்கள். என்னைப் போல் அதற்கு வேஷம் கட்டி நடிக்க வைக்காதீர்கள்.

ஊரிலிருந்த தொண்டை டாக்டரம்மா ஒரு சின்னக் கண்ணாடியை வாய்க்குள் விட்டுப் பார்த்தார். உடனே மதுரைக்குச் சீட்டு எழுதினார். அங்கே மூக்கு வழியாக மெல்லிய குழாய் ஒன்றை விட்டார்கள். அதன் நுனியில் கேமரா. எதிரே டிவியில் என் தொண்டை தெரிந்தது. குரல் நாண் என்பது வீணைக் கம்பி மாதிரி இருக்கும் என்று நினைத்திருந்தேன். இரண்டு வெள்ளை மடிப்புகள், அவ்வளவுதான். மூச்சு இழுத்தால் விலகும், பேசினால் ஒட்டும். அந்த உரசலில்தான் குரல் பிறக்கிறது.

"ஈ சொல்லுங்க" என்றார் டாக்டர்.

சொன்னேன். இடது மடிப்பு ஓடி வந்து நின்றது. வலது மடிப்பு அசையவே இல்லை. அதன்மேல் காலிபிளவர் துண்டு மாதிரி ஏதோ முளைத்திருந்தது. இடது அதைத் தொட்டுத் தொட்டுத் திரும்பியது. எனக்குப் பயம் அப்புறம்தான் வந்தது. முதலில் வந்த நினைப்பு, இவ்வளவு நாள் குதிகாலையும் முழங்காலையும் எடுத்துக்கொண்டிருந்தோமே, நிஜ நடிகன் இங்கேயல்லவா ஒளிந்திருக்கிறான் என்பதுதான்.

அப்புறம் மயக்கம் கொடுத்துச் சதைத் துணுக்கு எடுத்தார்கள். அதை ஆய்வுக்கு அனுப்பிப் புற்றா இல்லையா என்று பார்ப்பார்கள். ஸ்கேன் எடுத்தார்கள். முடிவு வரும்வரை அந்த நீண்ட வராந்தாவில் உட்கார்ந்திருந்த நாட்கள்தான் எல்லாவற்றையும்விட மோசம். எல்லோரும் கதவைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்போம். கதவு திறந்தால் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் முதுகு நிமிரும். செல்வி வறுத்த கடலையை உரித்து உரித்து என் கையில் வைப்பாள். எனக்கு விழுங்க முடியாது என்று அவளுக்குத் தெரியும். ஆனாலும் உரிப்பாள்.

டாக்டர் மூடி மறைக்கவில்லை. நாண் அசையாமல் நின்றுவிட்டதால் மருந்தும் கதிரும் மட்டும் போதாது என்றார். குரல்வளை முழுவதையும் எடுக்க வேண்டும். மூச்சுக்குழாயைக் கழுத்தில் திறந்து தைத்துவிடுவார்கள். வாய் சாப்பிடுவதற்கு மட்டும், கழுத்து மூச்சு விடுவதற்கு மட்டும். அப்புறம் ஆறு வாரம் கதிர்வீச்சு.

"எப்ப சார் பேசலாம்?" என்று கேட்டேன்.

"பேச முடியாதுங்க. காத்தை முழுங்கி ஏப்பம் மாதிரி ரெண்டு மூணு வார்த்தை பேசப் பழக்குவோம். கழுத்துல வச்சுப் பேசுற மெஷின் இருக்கு. ஆனா உங்க குரல் இருக்காது."

செல்வி அழவில்லை. தொப்பம்பட்டிப் பேச்சு அவளுக்கு இன்னும் போகவில்லை. "ஏனுங்க டாக்டர், சோறு திங்கலாமுங்களா?" என்று கேட்டாள். திங்கலாம் என்றார். "அப்பப் போதுமுங்க" என்றாள். வெளியே வந்து மாடிப்படியில் உட்கார்ந்தபிறகுதான் அவள் தோள் குலுங்கியது. நான் ஏதாவது சொல்லியிருக்க வேண்டும். அப்போது எனக்குக் குரல் இருந்தது. ஒன்றும் சொல்லவில்லை. அதை நினைத்தால் இப்போதும் என்னை நானே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது.

யோசனை அவளுடையதுதான். ஜெனிக்கு அப்போது இரண்டரை வயது. "புள்ளைக்கு உங்க குரலு ஞாபகம் இருக்காதுங்க. குதிகாலு பேசுனது இருக்கு, தொப்புளு பேசுனது இருக்கு. நீங்க பேசுனது ஒன்னுகூட இல்லீங்க. அவகிட்டப் பேசுற மாதிரி ஒருதடவ எடுத்து வச்சிருங்க" என்றாள்.

வீட்டிலிருந்த கேசட் அத்தனையையும் போட்டுப் பார்த்தோம். கல்யாணத்தில் என் வாய் அசைகிறது, பாட்டு ஓடுகிறது. ஞானஸ்நானத்தில் ஜெனியைத் தூக்கிக்கொண்டு பாதிரியாரிடம் ஏதோ சொல்லிச் சிரிக்கிறேன், பாட்டு ஓடுகிறது. செல்வி என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை.

ஆஸ்பத்திரியில் சேருவதற்கு முந்தின நாள் மத்தியானம், கடையில் வைத்து எடுத்தோம். சிக்கந்தர் கேமராவை முக்காலியில் நிறுத்தி, வெளிச்சம் பார்த்து, என் முகம் நடுவில் வருகிற மாதிரி வைத்தான். "கேமரா மைக்கே போதும் மாப்ள. சும்மா பேசு" என்றான். நான் கேட்கவில்லை. கடைசியாகப் பேசப் போகிறேன், தெரு இரைச்சல் கலந்தா பேச வேண்டும்? காலர் மைக்கை எடுத்து வயரைச் செருகினேன். அவன் ஹெட்போனை மாட்டினான். நான் கழற்றச் சொன்னேன். மகளிடம் பேசுவதை இன்னொருவன் காதில் வைத்துக் கேட்டால் எனக்குப் பேச்சு வராது. அவன் கேமராவை ஓடவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு வெளியே போய் மாடிப்படியில் நின்றான். நான் மைக்கைச் சட்டையில் மாட்டிக்கொண்டு பேசினேன்.

பதினோரு நிமிடம் பேசினேன். வேஷக் குரல் எதுவும் இல்லாமல். முடித்துவிட்டுக் கதவைத் திறந்தபோது சிக்கந்தர் கேசட்டை வாங்கி, சட்டைப் பைக்குள் வைத்துப் பொத்தான் போட்டான்.

ஆபரேஷனைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. கண் விழித்தபோது மூக்கில் ஒரு குழாய், கழுத்தில் ஒரு குழாய், கழுத்தின் இரண்டு பக்கமும் கெட்ட நீர் வடிய இரண்டு குழாய்கள். "தண்ணி" என்றேன். வாய் திறந்தது, நாக்கு சரியான இடத்தில் தொட்டது, உதடு சரியாகக் குவிந்தது. எதுவும் வரவில்லை. மறுபடி முயன்றேன். நர்ஸ் என் கையில் சிலேட்டை வைத்தார். சளி சேர்ந்தால் கழுத்து ஓட்டைக்குள் சின்னக் குழாயை விட்டு உறிஞ்சுவார்கள். அந்த நேரத்தில் மூச்சு நின்று உயிர் ஒருதரம் போய்வரும். முதல் சில நாட்கள் அந்த மெஷின் சத்தம் பக்கத்துக் கட்டிலில் கேட்டாலே கையால் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொள்வேன். இதற்குப் பழகிவிடும் என்று அந்தச் சின்னவருக்கு எழுதினேன். பழகியது உண்மைதான். வாசனை போய்விட்டதைத்தான் எழுதாமல் விட்டுவிட்டேன். மூக்கு வழியாக மூச்சு இல்லை என்றால் வாசனையும் இல்லை. காப்பி, மல்லிகை, பிள்ளையின் தலை, எல்லாம் ஒன்றுதான்.

மூக்குக் குழாயில்தான் சாப்பாடு. சிக்கந்தரின் அம்மா ஆட்டெலும்பைக் கொதிக்க வைத்து, மிளகு தட்டிப் போட்டு, மூன்று முறை துணியில் வடிகட்டி அனுப்புவார்கள். சிக்கந்தர் தினமும் திண்டுக்கல்லிலிருந்து பஸ்ஸில் அதை மடியில் வைத்துக்கொண்டு வருவான். செல்வி அதைக் குழாயில் மெதுவாக ஊற்றுவாள். "தொட்டுக்க வெஞ்சனம் எதுவும் வேணுமா மாப்ள?" என்று கேட்பான். நான் சிலேட்டில் கெட்ட வார்த்தை எழுதிக் காட்டுவேன்.

ஐந்தாம் நாள் ஜெனியைக் கூட்டி வந்தார்கள். குழாய்களைப் பார்த்துப் பயப்படுவாள் என்று துண்டைப் போர்த்தி மறைத்திருந்தோம். அவள் பயப்படவில்லை. கட்டிலில் ஏறி என் முகத்துக்கு நேராக உட்கார்ந்தாள். நான் அவள் பெயரைச் சொன்னேன். உதட்டை அசைத்தேன் என்று எழுதுவதுதான் சரி. அவள் என் வாயையே பார்த்துக்கொண்டு காத்திருந்தாள். குதிகால் மாதிரி மூக்கைச் சுருக்கிக் காட்டினேன். அதற்கும் காத்திருந்தாள். வீடியோ கடைக்காரன் பிள்ளை. அம்மாவிடம் திரும்பிச் சொன்னாள்.

"அம்மா, அப்பாக்கு சவுண்டு வைம்மா."

செல்வி பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வெளியே போய்விட்டாள். நான் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தேன். அழுதால் சத்தம் வராது, கழுத்திலிருந்து காற்று மட்டும் புஸ் புஸ் என்று வரும் என்பது அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. ஆனால் ஒரு நம்பிக்கை இருந்தது. சவுண்டு கேசட்டில் இருக்கிறது. வீட்டுக்குப் போனதும் பிள்ளைக்குப் போட்டுக் காட்டலாம்.

மறுநாள் சிக்கந்தர் சூப்புத் தூக்கோடு வந்து கட்டில் காலடியில் நின்றான். கிட்டத்தில் வரவில்லை. செல்வி மருந்து வாங்கப் போயிருந்தாள்.

"மாப்ள, அந்தக் கேசட்ல சத்தம் இல்லடா" என்றான். "எம் மேலதான் தப்பு. பேட்டரி செத்துருந்துருக்கு, நான் பாக்கல. கேமராவ ஓட விட்டவன் நாந்தான. நாந்தான் பாத்துருக்கணும்."

நான் அவனைப் பார்த்தேன். நாற்பது ஐம்பது கல்யாணத்தில் ஒரு பேட்டரியைக்கூடப் பார்க்காமல் விட்டவனில்லை அவன். இந்த ஒரு தடவைதானா உனக்குக் கண் அவிந்து போனது என்று கத்தத் தோன்றியது. கத்தவும் வழியில்லை. சிலேட்டை எடுத்தேன். சாக்பீஸ் உடைகிற மாதிரி அழுத்தி, "இனிமே என் மூஞ்சியில முழிக்காத" என்று எழுதி அவன் பக்கம் திருப்பினேன்.

படித்தான். கிட்டத்தில் வந்தான். செல்வி வந்து பார்க்கக் கூடாதென்று அவனே தன் உள்ளங்கையால் அதைத் துடைத்தான். தூக்குவாளியை மேசையில் வைத்துவிட்டுப் போனான்.

அப்புறமும் சூப்பு வந்தது. வாசலில் நர்ஸிடம் கொடுத்துவிட்டுப் போய்விடுவான். மூக்குக் குழாயை எடுக்கும்வரை சூப்பு ஒரு நாள்கூட நிற்கவில்லை. குழாயில் வாங்கிக்கொண்டேன். அவனைக் கூப்பிடச் சொல்லவில்லை.

கதிர்வீச்சுக்கு ஆறு வாரம். முகத்துக்கு அச்சு வார்த்த மாதிரி ஒரு முகமூடியைப் போட்டு மேசையோடு திருகிவிடுவார்கள், அசையாமலிருக்க. வலிக்காது. வாய் உலர்ந்து, கழுத்துத் தோல் கருகிப் போகும். கேமராக்களை விற்றோம், கடையைக் காலி செய்தோம். பிழைத்தேன். செம்பட்டி முக்கில் ஒரு ஜெராக்ஸ் கடை வைத்தேன். அதில் யாரும் பேச வேண்டியதில்லை. சிக்கந்தர் அவன் வீட்டுத் தோல் மண்டிக்கே திரும்பிப் போய்விட்டான் என்று கேள்விப்பட்டேன். கழுத்தில் வைத்துப் பேசும் மெஷினை வாங்கினோம். அதில் பேசினால் எந்திரம் பேசுவது போலிருக்கும். ஜெனி காதைப் பொத்திக்கொண்டாள், எடுத்து உள்ளே வைத்துவிட்டேன். நாங்கள் இருவரும் சைகையிலும் சிலேட்டிலும்தான் பேசிக்கொள்வோம். அவள் எழுத்துக் கூட்டிப் படிக்கக் கற்றதே என் சிலேட்டில்தான்.

ஆறு வருடம் கழித்து, போன பரீட்சை லீவில், ஜெனி அலமாரியைக் கிண்டி அந்தக் கேசட்டை எடுத்தாள். மேலே சிக்கந்தரின் கையெழுத்தில் 'ஜெனிக்கு' என்று இருந்தது. தூக்கியெறியச் செல்விக்கு மனம் வந்திருக்கவில்லை. நான் ஒரு தடவைகூட அதைப் பார்த்ததில்லை. ஊமைப்படத்தைப் பார்த்து என்ன செய்வது? ஜெனி விடவில்லை. கேமராவை இரவல் வாங்கி வந்து டிவியில் மாட்டினோம்.

படம் ஓடத் தொடங்கியது. துணி தொங்காத கழுத்தோடு நான் வந்து நாற்காலியில் உட்காருகிறேன். மைக்கைச் சட்டைப் பொத்தானுக்குப் பக்கத்தில் மாட்டுகிறேன். மாட்டி முடித்ததும் என் வலது கைக் கட்டைவிரல் கீழே இறங்கி, மைக்கின் பெட்டியில் இருந்த சுவிட்சைத் தள்ளுகிறது. அணைக்கிற பக்கம். நான் கேமராவைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன், கையைப் பார்க்கவே இல்லை. எத்தனையோ பந்தலில் எத்தனையோ மாப்பிள்ளைகள் சட்டையில் மாட்டிவிட்டுச் செய்ததை விரல் செய்துவிட்டுத் தன் பாட்டுக்கு மடியில் போய் உட்கார்ந்தது. அதற்குப் பிறகு பதினோரு நிமிடம் நான் வாயை அசைத்தேன்.

பேட்டரி சாகவில்லை. சிக்கந்தர் இதைப் பார்த்திருக்கிறான். பார்த்துவிட்டுத்தான் பஸ் ஏறி வந்து, எம் மேல தப்பு என்று சொல்லியிருக்கிறான். கழுத்தை அறுத்துக் கிடக்கிறவனிடம், உன் விரல்தான் செய்தது என்று சொல்ல அவனால் முடியவில்லை. நான் அவனுக்குக் கொடுத்தது அந்த ஒரு வரி.

"அப்பா, என்ன சொல்றீங்க இதுல?" என்று ஜெனி கேட்டாள். சிலேட்டை நீட்டினாள். நான் சாக்பீஸைப் பிடித்தபடி என் உதடுகளைப் பார்த்தேன். எனக்கும் புரியவில்லை. நன்றாகப் படி, அம்மாவைப் பார்த்துக்கொள் என்பது மாதிரி ஏதோ சொன்னேன் என்று நினைவு. சொன்ன சொல் ஒன்றுகூட ஞாபகமில்லை. 'மறந்து போச்சு' என்று எழுதினேன். இந்த நோயில் நான் எழுதியதிலேயே கையில் கனமாக இருந்தது அதுதான்.

மறுநாள் காலையில் திண்டுக்கல்லுக்குப் பஸ் ஏறினேன். தோல் மண்டியில் சிக்கந்தர் தோலை எண்ணி அடுக்கிக்கொண்டிருந்தான். பாதி நரைத்திருந்தான். அங்கே வாடை பயங்கரமாக இருக்கும், எனக்குத் தெரியவில்லை. சிலேட்டை எடுத்து, 'கட்டைவிரலைப் பாத்துட்டேன்' என்று எழுதினேன்.

படித்துவிட்டு ரொம்ப நேரம் தோலைத் தடவிக்கொண்டிருந்தான். "அத ஏன்டா மாப்ள போட்டுப் பாத்த?" என்றான். அப்புறம், "சாப்டியா?" என்றான்.

அன்று சாயங்காலமே வீட்டுக்கு வந்தான். கையில் ஒரு கேசட். முழங்கால் படத்துக்காக எடுத்த மூல கேசட். தன் முழங்கால் நடித்தது என்பதற்காக அதை மட்டும் அழிக்காமல் வைத்திருந்திருக்கிறான். "ஆறு வருசமா கொண்டுக்கிட்டு வரணும்னுதான் இருந்தேன். இவன் வராதேன்னுட்டான்" என்று செல்வியைப் பார்த்துச் சொன்னான். செல்விக்கு அன்றுதான் விஷயம் தெரிந்தது. என்னை ஒரு பார்வை பார்த்தாள்.

டிவியில் அவன் முழங்கால் வந்தது. கரகரத்த கிழட்டுக் குரலில் அது ஏதோ புலம்பியது. ஜெனி சிரித்தாள். "முழங்காலு அப்பா" என்றாள். சிக்கந்தர் சற்று ஓடவிட்டு, "இந்தா, இங்க கேளு" என்றான். முழங்கால் பாதியில் நின்றது. படத்துக்கு வெளியிலிருந்து ஒரு குரல் வந்தது. கம்மியிருந்தது, அவசரத்தில் இருந்தது, வேஷம் எதுவும் இல்லை.

"செத்த நிறுத்துடா, புள்ள முழிச்சிருச்சு. இந்தா வாரேன் தங்கம்."

கேமராவை அணைத்த சத்தம். மறுபடி முழங்கால்.

செல்வி இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். எனக்கே அந்தக் குரல் அந்நியமாக இருந்தது. ஜெனி எங்கள் முகங்களைப் பார்த்தாள், டிவியைப் பார்த்தாள்.

"இது யாரு மாமா பேசுறது?" என்று சிக்கந்தரிடம் கேட்டாள்.

அவன் செல்வியைப் பார்த்தான். செல்விதான் சொன்னாள். "அதுதான் சாமி, அப்பா. உன்னையத்தான் கூப்புடுறாங்க."

ஜெனி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். குதிகாலாகவும் தொப்புளாகவும் முழங்காலாகவும் அவள் வைத்திருந்த அப்பாவில் இந்தக் குரல் எங்கும் ஒட்டவில்லை என்பது அவள் முகத்தில் தெரிந்தது. எழுந்து போய்ப் பின்னால் ஓட்டினாள். மறுபடி கேட்டாள். மூன்றாம் தடவை டிவிக்குப் பக்கத்தில் போய்க் காதை வைத்துக் கேட்டாள். வாரேன் தங்கம் என்பதற்குப் பிறகு வேறு ஏதாவது இருக்கிறதா என்று தேடுகிறாள். ரிமோட்டை எடுத்துச் சத்தத்தைக் கூட்டிக்கொண்டே போனாள். கேசட்டின் இரைச்சல் வீடு முழுக்க நிறைந்தது.

"மாமா, இன்னும் கொஞ்சம் சவுண்டு வைங்க" என்றாள்.

சிக்கந்தர் அவள் கையிலிருந்து ரிமோட்டை மெதுவாக வாங்கிக்கொண்டான். "அம்புட்டுத்தான் ஜெனி" என்றான். "அதுக்கு மேல இல்ல."